இயன் ஹோம்: எதிர் நாற்காலிக்குப் போன நடிகர்

2020 ஜூன் மாதம், ஊரடங்கில் எல்லோரும் வீட்டுக்குள் முடங்கிக் கிடந்தபோது, நண்பர் ஒருவர் வாட்ஸப்பில் ஒரே வரி அனுப்பியிருந்தார்: “பில்போ போயிட்டார்.” கூடவே ‘லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ படத்திலிருந்து சுருள்முடிக் கிழவர் ஒருவரின் புகைப்படம். ஜூன் 19 அன்று இயன் ஹோம் லண்டனில் காலமாகியிருந்தார். வயது 88. பார்க்கின்சன் நோயை ஒட்டிய உடல்நலக் குறைவு.

“அவர் பில்போ மட்டும் இல்லய்யா” என்று பதில் போட்டேன்.

“பின்ன?”

உட்கார்ந்து ஒரு பட்டியல் தட்டினேன். ‘ஏலியன்’ படத்தில் விண்கலத்தின் விஞ்ஞான அதிகாரி. ‘சாரியட்ஸ் ஆஃப் ஃபயர்’ படத்தில் ஓட்டப் பயிற்சியாளர். ‘டைம் பேண்டிட்ஸ்’ நெப்போலியன். ‘பிரேசில்’ படத்தில் ஒரு காசோலையில் கையெழுத்துப் போடவே நடுங்கும் மேலதிகாரி. ஐந்து நிமிடம் கழித்துப் பதில் வந்தது: “அட, இதெல்லாம் ஒரே ஆளா!”

இந்த ‘ஒரே ஆளா’தான் குணச்சித்திர நடிகருக்கு உலகம் முழுக்கக் கொடுக்கப்படும் சான்றிதழ். நாயகனுக்கு யாரும் இதைக் கொடுப்பதில்லை. நாயகன் எல்லாப் படத்திலும் ஒரே ஆளாகத்தான் இருந்தாக வேண்டும். அதற்குத்தான் அவருக்குச் சம்பளம். ஹோம் இறந்தபோது எழுதப்பட்ட அஞ்சலிகளிலும் இதே தொனி இருந்தது: எந்த வேடத்திலும் கரைந்துவிடுவார், ஆளே தெரியாது. பாராட்டுதான். ஆனால் எனக்கு அதில் உடன்பாடு இல்லை. இருபது வருடமாக அவர் படங்களைத் திரும்பத் திரும்பப் பார்த்த பிறகு, அவர் எங்கேயும் கரையவில்லை என்றே எனக்குப் படுகிறது. எல்லா வேடத்துக்குள்ளும் அதே மனிதர் உட்கார்ந்திருக்கிறார், எதையோ இறுக்கிப் பிடித்தபடி. அந்தப் பிடி எப்போது தளரும் என்பதே அவர் நடிப்பில் நாம் காத்திருக்கும் விஷயம். அவருடைய வாழ்க்கையில் ஒருமுறை அந்தப் பிடி உண்மையிலேயே தளர்ந்தது. அங்கிருந்து அவர் எப்படித் திரும்பி வந்தார் என்பதைத்தான் இங்கே சொல்லப் பார்க்கிறேன்.

*

ஹோம் பிறந்தது 1931இல், லண்டனை ஒட்டிய எஸ்ஸெக்ஸ் பகுதியின் குட்மேயஸில். அப்பா மனநல மருத்துவர். அங்கிருந்த மனநல மருத்துவமனையின் கண்காணிப்பாளர். அம்மா செவிலியர். ராடா நாடகப் பள்ளியில் படித்துவிட்டு, 1954இல் ஸ்ட்ராட்ஃபோர்டில் ‘ஒதெல்லோ’ நாடகத்தில் ஈட்டியோடு நிற்கும் காவலனாக மேடையேறினார். வசனம் கிடையாது. ஆள் உயரமும் இல்லை. ஷேக்ஸ்பியர் மேடைக்கு வேண்டிய சிங்கக் குரலும் பிடரியும் அவருக்கு அமையவில்லை.

ஐந்து வருடம் கழித்து, 1959இல், அதே ஸ்ட்ராட்ஃபோர்டில் சார்ல்ஸ் லாட்டன் லியர் மன்னராக நடித்தார். லாட்டன் அப்போதே ஹாலிவுட்டில் பேர் வாங்கிய பெரும் நடிகர், பெரும் உடம்புக்காரர். அவர் காலடியில் உட்கார்ந்து உண்மையைக் கேலியாகச் சொல்லும் கோமாளி வேடம் ஹோமுக்கு. மலைக்குப் பக்கத்தில் கூழாங்கல் மாதிரி இருந்திருக்கும். இந்தக் கோமாளியை வாசகர்கள் ஞாபகத்தில் வைத்துக்கொள்ள வேண்டும்; பிறகு தேவைப்படுவார்.

அறுபதுகளில் பீட்டர் ஹால் உருவாக்கிய ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனியில் ஹோம் முக்கியமான நடிகரானார். மூன்றாம் ரிச்சர்ட், ஐந்தாம் ஹென்றி என்று ராஜா வேடங்கள் வந்தன. ஆனால் அவரை அவராக நமக்குக் காட்டிக் கொடுத்தது ஷேக்ஸ்பியர் இல்லை, ஹரால்ட் பின்ட்டர். 1965இல் ‘தி ஹோம்கமிங்’ லண்டனில் அரங்கேறியபோது அதில் லென்னி வேடம் ஹோமுக்கு. 1967இல் அது நியூயார்க் போனது; டோனி விருது கிடைத்தது. 1973இல் பீட்டர் ஹாலே அதைப் படமாக்கினார். நான் பார்த்தது அந்தப் படத்தைத்தான்.

வடக்கு லண்டனில் ஒரு வீடு. பெண்வாசனையே இல்லாத ஆம்பளை வீடு. கசாப்புக் கடைக்காரராக இருந்து ஓய்வுபெற்ற கிழவர் மேக்ஸ், அவர் தம்பி, இரண்டு பிள்ளைகள். அமெரிக்காவில் தத்துவப் பேராசிரியராக இருக்கும் மூத்த மகன் மனைவி ரூத்தோடு நடுராத்திரியில் வந்து இறங்குகிறான். நாடகத்தின் முதல் காட்சியில் மேக்ஸ் கத்தரிக்கோல் எங்கே என்று கேட்டுக்கொண்டு வருகிறார். லென்னி செய்தித்தாளிலிருந்து தலையைத் தூக்குவதில்லை. பிறகு பதில் சொல்கிறான், அப்பனிடம் எந்தப் பிள்ளையும் பேசக் கூடாத ஒரு பதிலை, மிகச் சாவகாசமாக.

அன்று ராத்திரி லென்னியும் ரூத்தும் தனியாகச் சந்திக்கும் காட்சி நாடக உலகில் பிரபலம். லென்னி அவளுக்குக் கதை சொல்கிறான். துறைமுகம் பக்கம் தன்னிடம் வந்த ஒருத்தியை அடித்த கதை. தன்னை உதவிக்குக் கூப்பிட்ட ஒரு கிழவியை அடித்த கதை. ஹோம் இதையெல்லாம் வானிலை அறிக்கை வாசிக்கிற மாதிரி சொல்கிறார். மிரட்டலின் ஒரு சுருதிகூட குரலில் இல்லை. பிறகு அவள் முன்னால் இருக்கும் தண்ணீர் டம்ளரை எடுத்துக்கொள்ளட்டுமா என்று கேட்கிறான். அவள் மறுக்கிறாள், மறுப்பது மட்டுமில்லை, டம்ளரை எடுத்தால் உன்னை நான் எடுத்துக்கொள்வேன் என்கிற தோரணையில் எதிர்த்து நிற்கிறாள். குடித்துவிட்டு மாடி ஏறிப் போய்விடுகிறாள். லென்னி அவள் பின்னாலிருந்து கத்துகிறான். அவ்வளவு நேரம் சவரம் பண்ணின முகம் மாதிரி மழமழவென்று இருந்த குரல் அங்கே கீறல் விடுகிறது. உள்ளே இருந்தது பயம் என்று அப்போது தெரிகிறது.

தமிழில் பாத்திரம் என்ற சொல்லுக்கு இரண்டு பொருள். ஹோமைப் பற்றி யோசிக்கும்போது எனக்கு இரண்டும் சேர்ந்தே வரும். அடுப்பில் உலை. மேலே மூடி. உள்ளே என்ன நடக்கிறதென்று பார்க்க முடியாது, ஆனால் மூடி லேசாகத் தடதடக்கிறது. பெரிய நடிகர்கள் பலர் மூடியைத் திறந்து கொதிப்பைக் காட்டுவார்கள். ஹோம் தடதடப்பைக் காட்டுவார்.

*

1976. ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனி யூஜின் ஓநீலின் ‘தி ஐஸ்மேன் கமெத்’ நாடகத்தைப் போடுகிறது. ஹிக்கி வேடம் ஹோமுக்கு. ஹிக்கி ஒரு விற்பனைப் பிரதிநிதி. மதுக்கடையில் கிடக்கும் குடிகாரர்களின் பொய்க் கனவுகளையெல்லாம் கழற்றி எறியச் சொல்பவன். கடைசி அங்கத்தில் அவனுக்கு மிக நீண்ட ஒரு வாக்குமூலம் உண்டு. தன்னை முழுக்கத் திறந்து கொட்ட வேண்டும்.

முன்னோட்டக் காட்சிகளின்போது ஹோமுக்கு மேடை அச்சம் வந்தது. சாதாரண படபடப்பு இல்லை. உடம்பும் வாயும் உறைந்துபோகிற அச்சம். நாடகத்திலிருந்து விலகினார். இருபது வருடத்துக்கு மேல் மேடையே வீடாக இருந்தவர், அடுத்த பதினைந்து வருடத்துக்கு மேல் அந்தப் பக்கம் வந்தது அபூர்வம்.

மூடியைத் தாங்களாகவே திறக்கச் சொன்ன வேடத்தில்தான் அவர் உறைந்தார் என்பதை நான் ரொம்ப யோசித்திருக்கிறேன். இது என் ஊகம்தான். மனிதர் மனதுக்குள் யார் போய்ப் பார்த்தார்கள்? ஆனால் அதற்குப் பிறகு அவர் செய்த வேடங்களைப் பார்த்தால் ஊகத்துக்குக் கொஞ்சம் பலம் வருகிறது.

மூன்று வருடத்தில் ரிட்லி ஸ்காட்டின் ‘ஏலியன்’. விண்கல அதிகாரி ஆஷ் வேடம். வெளியே போன குழு, முகத்தில் ஏதோ ஒரு ஜந்து ஒட்டிக்கொண்ட சகாவோடு வாசலில் நிற்கிறது. விதிப்படி திறக்கக் கூடாது என்கிறாள் ரிப்ளி. ஆஷ் ஒன்றும் வாதாடவில்லை. பொத்தானை அழுத்திவிடுகிறார். முதல் தடவை பார்க்கும்போது இது இரக்கம் என்று நினைப்போம். இரண்டாம் தடவைதான் அந்த முகத்தில் இரக்கத்தின் சுவடே இல்லை என்று தெரியும். ஆனால் இரண்டு தடவையும் அது ஒரே முகம்! அதே ஷாட்! கடைசியில் அவர் நெற்றியில் ஒரு துளி வியர்வை வழிகிறது, வெள்ளையாக இருக்கிறது. ஆள் மனிதனே இல்லை, இயந்திரம். தலை துண்டாகி மேசையில் கிடக்கும்போது, அந்தக் கொலைகார ஜந்துவின் தூய்மையைப் பாராட்டிவிட்டு, சாகப்போகிறவர்களுக்குத் தன் அனுதாபத்தைத் தெரிவிக்கிறது. சின்னதாக ஒரு சிரிப்பு. படத்தில் அந்த ஜந்துவைவிட எனக்குப் பயம் தந்தது அந்தச் சிரிப்புதான்.

அடுத்து 1981இல் ‘சாரியட்ஸ் ஆஃப் ஃபயர்’. 1924 பாரிஸ் ஒலிம்பிக்கில் நூறு மீட்டர் ஓட்டத்தில் தங்கம் வென்ற ஹரால்ட் ஆபிரகாம்ஸின் பயிற்சியாளர் சாம் முசபினி. காசு வாங்கிக்கொண்டு பயிற்சி கொடுப்பதை அன்றைய கேம்பிரிட்ஜ் கனவான்கள் இழிவாகப் பார்த்தார்கள். அதனால் தன் சிஷ்யன் ஓடும் மைதானத்துக்கு முசபினி போவதில்லை. விடுதி அறையில் உட்கார்ந்திருக்கிறார். போட்டி முடிந்ததா, யார் ஜெயித்தார்கள், எதுவும் தெரியாது. ஜன்னல் வழியே பிரிட்டிஷ் கொடி ஏறுவது தெரிகிறது. தேசிய கீதம் கேட்கிறது. எழுந்து நிற்கிறார். பிறகு கட்டிலில் உட்கார்ந்து, கையிலிருந்த வைக்கோல் தொப்பியை ஒரு குத்து குத்துகிறார். கை தொப்பியைக் கிழித்துக்கொண்டு போகிறது. மகனே என்கிறார். அவ்வளவுதான்.

மேடையிலிருந்து ஒதுங்கிய நடிகர், அரங்கத்துக்குள் வர முடியாத ஒரு மனிதனாக ஒற்றை அறையில் நடித்த காட்சி இது. தற்செயல்தான். ஆனால் சினிமா அவருக்குத் தந்தது இந்த அறையைத்தான். மேடையில் கடைசி வரிசைக்கும் தெரிகிற அளவுக்கு மூடி ஆட வேண்டும். கேமராவுக்கு ஒரு மயிரிழை போதும்.

இந்தப் படத்துக்காக அவருக்கு பாஃப்டா விருது கிடைத்தது. ஆஸ்கர் துணை நடிகர் பரிந்துரையும் வந்தது. ஆனால் ஆஸ்கரை வாங்கியவர் ‘ஆர்தர்’ படத்துக்காக ஜான் கீல்குட். இதில் ஒரு வேடிக்கை: காசுக்குப் பயிற்சியாளர் வைத்துக்கொண்டாயே என்று ஆபிரகாம்ஸை ‘சாரியட்ஸ் ஆஃப் ஃபயர்’ படத்தில் கண்டிக்கும் கல்லூரித் தலைவரும் கீல்குட்தான்.

சும்மா சொல்லக் கூடாது, எல்லாமே இப்படி அமைந்துவிடவில்லை. ‘ஃப்ரம் ஹெல்’ படத்தில் அவர் ராஜ குடும்பத்து மருத்துவர். அதுவரை கண்ணியமாக இருந்தவரின் உள்ளே இருக்கும் கொலைகாரன் வெளிப்படும் இடத்தில் அவர் கண்கள் இரண்டையும் முழுக் கறுப்பாக்கிவிட்டார்கள். ஹோமிடமிருந்து கண்ணைப் பிடுங்கிக்கொண்டால் மிச்சம் என்ன இருக்கிறது? தடதடப்பைக் காட்டத் தெரிந்தவரிடம் போய் வாணவேடிக்கை கேட்ட படம் அது. ‘பிக் நைட்’ படத்திலும் அவர் ஒரே கூச்சல், கட்டிப்பிடி, கலாட்டா. ஆனால் அங்கே வேறு விஷயம்: அந்த உணவக முதலாளிக்குச் சத்தமே மூடி. கடைசியில் கூச்சல் அடங்கும்போது அடியில் ஒரு ஐஸ்கட்டி வியாபாரி தெரிகிறார்.

*

மனதை ஆற்றிக்கொண்டு மேடைக்கு அவர் முறையாகத் திரும்பியது 1993இல், லண்டனின் அல்மெய்டா அரங்கில், மறுபடியும் பின்ட்டர் நாடகத்தில். ‘மூன்லைட்’. வேடம், படுக்கையில் கிடந்து சாகும் ஒரு முன்னாள் அரசு ஊழியர். மேடையில் உறைந்துபோன மனிதர் திரும்பி வந்ததே படுத்த படுக்கையாகத்தான் என்பதை நினைத்தால் எனக்குச் சிரிப்பும் வரும், தொண்டையும் அடைக்கும்.

அடுத்த வருடம் ‘தி மேட்னஸ் ஆஃப் கிங் ஜார்ஜ்’ படம். புத்தி பேதலித்த மூன்றாம் ஜார்ஜ் மன்னரை நாற்காலியில் கட்டிப்போட்டு, கண்ணோடு கண் பார்த்து அடக்கும் மருத்துவர் வில்லிஸ். மனநல மருத்துவமனைக் கண்காணிப்பாளரின் மகனுக்கு அந்தப் பார்வையை யாரும் சொல்லித்தந்திருக்க வேண்டியதில்லை. குணமாகி வரும் மன்னர் ‘லியர்’ நாடகத்தை வாசிக்கும் காட்சி ஒன்று அதில் உண்டு. பக்கத்தில் இருக்கும் வில்லிஸுக்கு அது எதைப் பற்றிய நாடகம் என்றே தெரியாது.

மூன்று வருடம் கழித்து, 1997இல், லண்டன் நேஷனல் தியேட்டரின் சிறிய அரங்கான காட்டஸ்லோவில் ரிச்சர்ட் அயர் ‘லியர்’ நாடகத்தை இயக்கினார். லியர், இயன் ஹோம். வயது 65. முப்பத்தெட்டு வருடம் முன்னால் லாட்டனின் காலடியில் உட்கார்ந்திருந்த கோமாளி, எதிர் நாற்காலியில் ஏறி உட்கார்ந்தார். அவருடைய கோமாளியாக நடித்த மைக்கேல் பிரையன்ட் அவரைவிட வயதில் மூத்தவர்.

இந்தத் தயாரிப்பு 1998இல் தொலைக்காட்சிக்காகப் படமாக்கப்பட்டது. அதனால் நமக்குப் பார்க்கக் கிடைக்கிறது. ஹோமின் லியர் இதிகாச மன்னர் இல்லை. வீட்டுக்குள் எல்லோரையும் நடுங்க வைக்கும் ஒரு குட்டை அப்பா. பெண்கள் அவர் முகம் பார்த்துப் பேசுகிறார்கள். சட்டென்று கோபம், சட்டென்று கொஞ்சல். இந்த மாதிரி அப்பாக்களை நமக்குத் தெரியும். புயல் காட்சியில் அவர் உடுப்பை முழுக்கக் களைந்துவிட்டு மழையில் நிற்கிறார். வற்றிய, சின்ன, வெளுத்த கிழட்டு உடம்பு. 1976இல் எந்தத் திறப்புக்குப் பயந்து ஓடினாரோ அந்தத் திறப்பில் இப்போது அம்மணமாக நிற்கிறார் என்று எனக்குத் தோன்றியது. ஒலிவியே விருது கிடைத்தது. சர் பட்டமும் அதே வருடம்.

அதே 1997இல் இன்னொரு அப்பா. கனடிய இயக்குநர் ஆட்டம் எகோயனின் ‘தி ஸ்வீட் ஹியராஃப்டர்’. பள்ளிப் பேருந்து பனிக்குள் சறுக்கிக் குழந்தைகளைப் பறிகொடுத்த ஒரு சிற்றூருக்கு வழக்குப் பிடிக்க வரும் வக்கீல் மிட்செல் ஸ்டீவன்ஸ். ஹோம் ஒரு படத்தை முழுக்கச் சுமந்தது அபூர்வம். இது அந்த அபூர்வம். வக்கீலின் சொந்த மகள் போதைப் பழக்கத்தில் தொலைந்தவள். பணம் கேட்டுத் தொலைபேசியில் கூப்பிடுவாள். விமானத்தில் பக்கத்து இருக்கைப் பெண்ணிடம் அவர் ஒரு பழைய கதை சொல்கிறார். மகள் சின்னக் குழந்தையாக இருந்தபோது சிலந்தி கடித்துத் தொண்டை வீங்கியது. மருத்துவமனை தூரம். மூச்சு அடைத்தால் குழந்தையின் கழுத்தை நீயே அறுத்து வழி செய் என்றார் மருத்துவர். ஒரு கையில் கத்தி, மடியில் குழந்தை, வாயில் தாலாட்டு. அறுக்கத் தேவைப்படவில்லை. ஹோம் குரலை உயர்த்தாமல் இதைச் சொல்கிறார். காப்பாற்றத் தயாராக இருந்த கைக்கும் கொல்லத் தயாராக இருந்த கைக்கும் வித்தியாசம் தெரியாமல் ஒரு மனிதன் இத்தனை வருடம் வாழ்ந்திருக்கிறான் என்பது நமக்கு மெதுவாக உறைக்கும். என் கணக்கில் அவருடைய ஆகச் சிறந்த நடிப்பு இதுதான், லியரைவிடவும்.

*

இப்போது பில்போவுக்கு வரலாம். 1981இல் பிபிசி வானொலி ‘லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ கதையை 26 பகுதி நாடகமாக ஒலிபரப்பியது. அதில் இளம் ஃப்ரோடோவின் குரல் இயன் ஹோமுடையது. இருபது வருடம் கழித்து பீட்டர் ஜாக்சனின் படத்தில் அவர் ஃப்ரோடோவின் மூத்த உறவினர் பில்போ. கதை தெரிந்தவர்களுக்கு இதன் ருசி புரியும். எரிமலை விளிம்பு வரை போன ஃப்ரோடோவால் கடைசி நொடியில் மோதிரத்தை விட முடியவில்லை. பில்போவோ அதைத் தானாக விட்டுக் கொடுத்தவர். படத்தில் அந்த இடத்தைப் பாருங்கள். வாசலில் நின்று கையை மெல்லச் சாய்க்கிறார். மோதிரம் உள்ளங்கையிலிருந்து நழுவ நேரம் எடுத்துக்கொள்கிறது. தொப்பென்று விழுகிறது. முகத்தில் நிம்மதியும் திருட்டுப் போன மாதிரி ஒரு திகைப்பும். இறுக்கிப் பிடித்த மனிதராகவே வாழ்நாளெல்லாம் நடித்தவர் கையைத் திறக்கும் காட்சி. நண்பர் அனுப்பிய அந்தப் புகைப்படத்தை இப்போது என்னால் அலட்சியப்படுத்த முடியவில்லை. “பில்போ மட்டும் இல்லய்யா” என்று அன்றைக்கு நான் கொஞ்சம் மிதப்பாகத்தான் சொல்லிவிட்டேன்.

அதே 2001இல் டப்ளினின் கேட் தியேட்டர் ‘தி ஹோம்கமிங்’ நாடகத்தை மறுபடி போட்டது. நியூயார்க்கிலும் லண்டனிலும் நடந்தது. இயன் ஹோம் இந்த முறை லென்னி இல்லை. மேக்ஸ். கத்தரிக்கோல் எங்கே என்று கேட்கிற கிழவர்.

கோமாளியிலிருந்து லியர். ஃப்ரோடோவிலிருந்து பில்போ. லென்னியிலிருந்து மேக்ஸ். மூன்று தடவை அதே வீட்டுக்குத் திரும்பி வந்து எதிர் நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார். நாயக நடிகர்கள் வயதானால் ஒதுங்குகிறார்கள், அல்லது தலைக்குச் சாயம் பூசுகிறார்கள். ஹோமுக்கு வயது ஒரு பதவி உயர்வு மாதிரி வந்தது. முன்பு தான் நையாண்டி செய்த, எதிர்த்து நின்ற ஆளுக்குள்ளேயே போய், அங்கிருந்து பார்க்கும்போது உலகம் எப்படித் தெரிகிறது என்று சொல்லிவிட்டுப் போனார். குணச்சித்திரம் என்ற சொல்லுக்கு இதைவிட நல்ல அர்த்தம் எனக்குத் தெரியவில்லை.

‘தி ஹோம்கமிங்’ கடைசிக் காட்சியில் மேக்ஸின் நாற்காலியில் ரூத் உட்கார்ந்திருக்கிறாள். மேக்ஸ் முழங்காலில் விழுந்து ஊர்ந்து, தனக்கு வயதாகிவிடவில்லை என்று அழுது அவளிடம் முத்தம் கேட்கிறார். லென்னி ஓரமாக நின்று பார்க்கிறான், ஒரு வார்த்தை பேசாமல். இருபத்து நான்கு வயதில் அந்தப் படத்தைப் பார்த்தபோது நான் லென்னி பக்கம் நின்று கிழவரைப் பார்த்தேன். இப்போது என் வீட்டில் நான் எதையாவது கேட்டால் மகன் போனிலிருந்து தலையைத் தூக்குவதில்லை. போன மாதம் மறுபடி பார்த்தபோது கண் மேக்ஸ் மேலேயே இருந்தது. படத்தில் மேக்ஸாக நடித்த பால் ரோஜர்ஸ் நன்றாகவே செய்கிறார். ஆனால் நான் பார்க்க விரும்பியது வேறொருவரை.

நண்பருக்கும் அந்தப் படத்தை அனுப்பியிருந்தேன். பார்த்துவிட்டுக் கூப்பிட்டார். “யோவ், அந்த லென்னி பய பயங்கரம். இந்தக் கிழவன் ரோலையும் அவர் பண்ணிருக்கார்னு சொன்னீரே, அது எங்க கிடைக்கும்?”

“அது மேடைல நடந்தது” என்றேன்.

“ரெக்கார்டிங் இருக்கும்ல?”

நானும் தேடிக்கொண்டுதான் இருக்கிறேன். லாட்டன் காலடியில் உட்கார்ந்த கோமாளியும் அப்படித்தான், எனக்கு அகப்படவில்லை. மூன்று ஜோடிகளில் இரண்டில் ஒரு பாதிதான் என் கையில் இருக்கிறது. லென்னி இருக்கிறான், மேக்ஸ் இல்லை. லியர் இருக்கிறார், கோமாளி இல்லை. மிச்சத்தை நாமே இட்டு நிரப்பிக்கொள்ள வேண்டியதுதான். லென்னியின் குரலை எடுத்து, லியரின் வற்றிய உடம்பில் வைத்து, முழங்காலில் விழ வைத்துப் பார்க்கிறேன். சில ராத்திரிகளில் கிட்டத்தட்டத் தெரிகிறது.